கவிழ்த்துப் பார்க்க விட்ட பட்டறை

சிங்கப்பூரிலிருந்து திருச்சிக்கு விடுமுறையில் வந்திருந்தபோது அம்மாவுக்கு சோபா வாங்க அலைந்தேன். மூட்டுவலிக்காரர், தாழ்வான இருக்கையில் உட்கார்ந்தால் எழ ஆள் வேண்டும்.

பெரிய ஷோரூம் ஒன்றில் உபசரிப்புக்குக் குறைவில்லை. காபி வந்தது, மாதத் தவணை விவரமும் வந்தது. என்ன மரம் என்று கேட்டால் மட்டும் "நல்ல மரம்தான் மேடம்" என்றார்கள். அடியில் தைத்திருந்த கறுப்புத் துணியை விலக்கிக் காட்டச் சொன்னேன், மறுத்துவிட்டார்கள். முன்கால் ஒன்றைப் பிடித்து அரை அடி தூக்கினேன். மறு முன்கால் தரையை விட்டு எழவே இல்லை. சோபாவின் மரச்சட்டம் முறுக்கிக்கொள்கிறது என்று பொருள். அத்தோடு கிளம்பிவிட்டேன்.

உறையூரில் ஒரு குஷன் பட்டறை. "கவிழ்த்தே பாருங்கள் அக்கா" என்றார் உரிமையாளர். துணி போர்த்தாத சட்டம் ஒன்று அங்கேயே கிடந்தது. வேப்பமரம், நான்கு மூலையிலும் முக்கோணக் கட்டை வைத்து, பசை தடவி, திருகாணி முடுக்கியிருந்தார். வெறும் ஸ்டேப்ளர் பின்னை நம்பிய மூலை சீக்கிரமே ஆட்டம் காணும்.

ஃபோம் விஷயத்தில்தான் ஏமாற்ற வழி அதிகம். அழுத்திப் பார்ப்பது போதாது; அடர்த்தி வேறு, மென்மை வேறு. 32 அடர்த்தி என்றால் ஒரு கன மீட்டர் 32 கிலோ. அப்படியானால் 24 அங்குலச் சதுரத்தில் 5 அங்குல கனமுள்ள திண்டு ஏறக்குறைய ஒன்றரைக் கிலோ இருக்க வேண்டும். பக்கத்து மளிகைக் கடைத் தராசில் வைத்தோம், சரியாக இருந்தது. எடை மட்டும் கூடினால் மகிழ வேண்டாம்: பல நிறத் துண்டுகளை ஒட்டி அழுத்திய ஃபோமும் கனக்கும். உறையின் ஜிப்பைத் திறந்தால் அது கண்ணுக்கே தெரிந்துவிடும்.

ரெக்சின் வேண்டாம் என்றேன். நம் வெயிலுக்கும் வியர்வைக்கும் சீக்கிரம் உரிந்துபோகிறது. கழற்றித் துவைக்கக்கூடிய துணி உறையே போதும். இருக்கை உயரம் 18 அங்குலம் வைக்கச் சொன்னேன். ஊன்றி எழுவதற்குக் கைப்பிடி முன்வரை நீள வேண்டும் என்று அம்மா கேட்டதையும் குறித்துக்கொண்டார்.

சொன்ன தேதிக்கு வரவில்லை, தொலைபேசியையும் எடுக்கவில்லை. அது குறைதான். ஆனால் மரம், அடர்த்தி, உயரம் மூன்றையும் மறுப்பில்லாமல் பில்லில் எழுதித் தந்தார். அந்த பில் இப்போது அப்பாவின் மேசை இழுப்பறையில் இருக்கிறது. பழுது வந்தால் பட்டறைக்குப் போய்ப் பேச வேண்டியவர் அப்பாதான்.