டேக்கார்ட்டும் பாஸ்கலும்: வெற்றிடத்தில் பிரிந்த இரு வழிகள்

1647 செப்டம்பரில், பிரெஞ்சு மெய்யியலாளரும் கணிதவியலாளருமான 51 வயது ரெனே டேக்கார்ட், நோயுற்றிருந்த 24 வயது பிரெஞ்சுக் கணிதவியலாளர் பிளேஸ் பாஸ்கலைப் பாரிசில் சந்தித்தார். பாதரசம் நிரப்பிய குழாயைப் பாதரசத் தொட்டியில் தலைகீழாக நிறுத்தினால், மேலே தோன்றும் இடைவெளியில் என்ன இருக்கிறது என்பதே அவர்களைப் பிரித்த கேள்வி.

இடத்தில் பரந்திருப்பதே பருப்பொருளின் இயல்பு என்று வரையறுத்த டேக்கார்ட்டுக்கு, பொருளே இல்லாத இடம் என்பது தனக்குத்தானே முரணானது. ஆகவே கண்ணுக்குத் தெரியாத நுண்பொருள் அங்கே நிறைந்திருப்பதாகக் கூறினார். பாஸ்கலோ, புலன்களுக்கு எட்டும் எப்பொருளும் அங்கில்லாதபோது, வேறொன்று இருப்பதாக யாரேனும் காட்டும்வரை அதை வெற்றிடம் என்றே கொள்ளலாம் என்றார். ஒரு கருதுகோள் எல்லா நிகழ்வுகளோடும் பொருந்துவதாலேயே அது மெய்யாகிவிடாது, ஆனால் முரணான ஒரேயொரு நிகழ்வு அதைப் பொய்யாக்கப் போதும் என்று அவர் அதே ஆண்டில் எழுதியது, என் மதிப்பீட்டில், டேக்கார்ட்டின் இயற்பியல் முழுவதையும் விடக் கனமானது.

1648 செப்டம்பர் 19 அன்று, பாஸ்கலின் வேண்டுகோளின்படி, அவருடைய அக்காள் கணவர் ஃப்ளோரன் பெரியே நடு பிரான்சிலுள்ள புய் தெ டோம் மலைக்குப் பாதரசக் குழாயைக் கொண்டுசென்றார். அடிவாரத்தைவிட உச்சியில் பாதரச மட்டம் ஏறத்தாழ 8 சென்டிமீட்டர் தாழ்ந்திருந்தது. பாதரசத்தைத் தாங்குவது காற்றின் எடையே என்பதை இது காட்டியது. இதில் டேக்கார்ட்டுக்கு உரிய நியாயத்தையும் சொல்ல வேண்டும்: காற்றின் எடையை அவரும் ஏற்றிருந்தார், இச்சோதனையைப் பரிந்துரைத்தவரே தாம்தான் என்றும் கோரினார். நுண்பொருள் இருக்கிறதா, இல்லையா என்பதை மலை தீர்க்கவில்லை. ஆயினும், வரையறையிலிருந்து உலகை வருவித்தவரைவிட, உலகைக் கேட்டுவிட்டு முடிவு சொன்னவரின் வழியே இயற்பியலுக்கு உகந்தது.

கணிதத்தில் தராசு மறுபுறம் சாய்கிறது. 1637இல் வெளியான டேக்கார்ட்டின் வடிவியல் நூல், வளைவரைகளைச் சமன்பாடுகளாக்கியது. அறியாதவற்றுக்கு எழுத்து வரிசையின் கடைசி எழுத்துகள், அறிந்தவற்றுக்கு முதல் எழுத்துகள், மேலே சிறு எண்ணாக அடுக்குக்குறி என்று அவர் நிலைப்படுத்திய எழுத்துமுறை இன்றும் பள்ளிக் கரும்பலகையில் இருக்கிறது. ஆற்றலில் குறைவில்லாத பாஸ்கல் இயற்கணிதக் குறியீடுகளைத் தவிர்த்து, படங்களாலும் சொற்களாலுமே நிறுவினார். 1659இல் வெளிவந்த அவரது கால்வட்ட ஆய்வில் இருந்த சிறு முக்கோணத்தை எந்த வளைவரைக்கும் பொதுவாக்கலாம் என்பதைக் கண்டுகொண்டவர், பிற்பாடு அதைப் படித்தவரும் நுண்கணிதத்தை உருவாக்கியவர்களுள் ஒருவருமான ஜெர்மானியர் லைப்னிட்ஸ். டேக்கார்ட்டின் குறியீட்டுமுறை அவர் கையில் இருந்தது.