வெள்ளவத்தை அப்பக்கடையும் ஒரு போத்தல் கள்ளும்

கொழும்பு வெள்ளவத்தையில், காலி வீதியிலிருந்து கடலை நோக்கி இறங்கும் ஒழுங்கை ஒன்றில், தொடர்மாடி ஒன்றின் கீழே இருக்கிறது இந்தக் கடை. பெயர்ப்பலகை இல்லை. நான்கு காஸ் அடுப்பு, நான்கு அப்பச்சட்டி, ஒரு தாய், அவருடைய மகன். மாலை 5 மணிக்குத் தொடங்கினால் மா முடியும்வரை வியாபாரம். வெள்ளை அப்பம் 50 ரூபாய், பாலப்பம் 70, முட்டை அப்பம் 130. மூன்று மாதமாகக் கிழமைக்கு இரண்டு நாள் இங்கேதான் இரவுச் சாப்பாடு வாங்குகிறேன். உயர்தர வகுப்புக்கு 31 வருடம் உயிரியல் படிப்பித்தவள் நான். ஆகவே அப்பத்தைப் பற்றிச் சொல்லும்போது மதுவத்தைப் பற்றியும் சொல்லாமல் இருக்க முடியாது. கடைக்காரர் ஈஸ்ற் என்பார், பாடப்புத்தகம் மதுவம் என்கும். இரண்டும் ஒன்றுதான், மாவைப் பொங்கவைக்கும் ஒற்றைக்கலப் பூஞ்சை.

வெள்ளை அப்பம் ஒன்றைச் சட்டியிலிருந்து எடுத்ததும் வெளிச்சத்துக்கு நேரே பிடித்துப் பாருங்கள். விளிம்பு தேன் நிறத்தில், ஊசி குத்தியதுபோலச் சிறு துளைகளோடு, விரல் பட்டால் நொறுங்கும். நடுவில் இரண்டு விரல் அகலத்துக்கு வெள்ளையாக, பஞ்சாக இருக்கும். அந்த நடுப்பகுதியைப் பிய்த்து முகர்ந்தால் முதலில் தேங்காய்ப்பால், பிறகு மெல்லிய புளிப்பு, அதற்கும் பின்னால் நன்றாகப் பழுத்த வாழைப்பழத்தின் வாசம். அந்தக் கடைசி வாசத்தை நான் கடைசியாக உணர்ந்தது ஊரில், அம்மாவின் அடுப்படியில். சம்பலைத் தொடாமல் முதல் அப்பத்தைச் சாப்பிட்டு முடித்துவிட்டேன்.

இரண்டாவது கிழமை ஒரு நாள் போனபோது அப்பம் வேறாக இருந்தது. பார்வைக்குக் குறை இல்லை. நடு இன்னும் உயரமாகவே பொங்கியிருந்தது. ஆனால் வாயில் வைத்தால் பாண் வாசம். புளிப்பும் இல்லை, பழவாசமும் இல்லை. கேட்டேன்.

“ரீச்சர், இண்டைக்குப் போயா எல்லோ. கள்ளுத் தவறணை பூட்டு. பைக்கற் ஈஸ்ற்தான் போட்டனான்.”

“நேற்றே ஒரு போத்தல் வாங்கி வைச்சிருக்கலாமே, தங்கச்சி?”

“நேற்றையான் கள்ளு இண்டைக்கு வினாகிரி மாதிரி. அப்பத்துக்குச் சரிவராது.”

போயா என்பது பௌர்ணமி விடுமுறை நாள். மற்ற நாட்களில் அனுமதி பெற்ற தவறணையில் காலையில் வாங்கும் தென்னங்கள்ளு ஒரு போத்தல், ஐந்து கிலோ அரிசிக்கு. இரவு ஊறிய பச்சரிசியைக் காலையில் அரைத்து, ஒரு கை சோறும் சேர்த்தரைத்து, கள்ளு விட்டுக் குழைத்து மூடி வைத்தால் மாலைக்குள் பொங்கும். அப்பச்சோடா போடுவதில்லை. போயா நாளில் மட்டும் இளநீர், சீனி, பைக்கற் ஈஸ்ற். ஒரே கை, ஒரே அரிசி, ஒரே சட்டி. மாறுவது மதுவம் மட்டும். இப்படி ஒரு பரிசோதனையை என் வகுப்பில் ஒருநாளும் அமைத்துக் கொடுக்க என்னால் முடிந்ததில்லை.

அடுத்த முறை போத்தலின் அடியில் மிஞ்சிய கலங்கல் கள்ளில் இரண்டு கரண்டி கேட்டு வாங்கி வந்தேன். வீட்டில் பழைய நுணுக்குக்காட்டி ஒன்று இருக்கிறது. மாவையே பார்க்கலாம் என்று முதலில் நினைத்தேன். ஆனால் அரிசியின் மாப்பொருள் மணிகளும் மதுவக் கலங்களும் ஏறக்குறைய ஒரே பருமன், குழப்பிவிடும். அதனால் கள்ளிலேயே ஒரு துளி, மெதிலீன் நீலம் ஒரு துளி, 400 மடங்கு உருப்பெருக்கம். இறந்த கலம் நீலமாகும், உயிரோடு இருப்பது சாயத்தை நிறமிழக்கச் செய்துவிடும். கண்ணாடியில் பெரும்பாலானவை நிறமற்றுப் பளபளத்தன. முட்டை வடிவக் கலங்களில் பலவற்றின் தோளில் ஒரு சிறு மொட்டு. சிலவற்றில் மொட்டின் மேல் இன்னொரு மொட்டு. அரும்புதல் என்று கரும்பலகையில் எத்தனை தரம் வரைந்திருப்பேன்! இவற்றுக்கு நடுவே இரண்டு முனையும் கூர்ந்த எலுமிச்சம்பழ வடிவக் கலங்கள் கொஞ்சம். அது ஹன்செனியஸ்போரா என்ற மதுவக் குடும்பத்தாரின் தோற்றம், பழச்சாற்றில் முதலில் பெருகுகிறவை. எல்லாவற்றையும் சுற்றி, மதுவத்தைவிட மிகச் சிறிய கோல்களாகப் பற்றீரியா. புளிப்பைத் தருவது அவைதான்.

போயா நாள் பைக்கற்றில் ஒரு சிட்டிகையை வெதுவெதுப்பான சீனித் தண்ணீரில் கரைத்து அதே மாதிரிப் பார்த்தேன். ஒரே வடிவம், ஒரே பருமன், வரிசைக்கு நிற்கும் பிள்ளைகள்போல. அதுவும் நல்ல உயிர்தான், குறைத்துச் சொல்லவில்லை. 1883இல் கொப்பன்ஹேகனில், கார்ல்ஸ்பேர்க் ஆய்வுகூடத்தில், எமில் கிறிஸ்டியன் ஹன்சன் ஒற்றைக் கலத்திலிருந்து தூய மதுவத்தை வளர்த்துக் காட்டினார். இன்று பைக்கற்றில் வரும் ஈஸ்ற் அந்த வழியில் வந்தது. தெரிந்தெடுத்த ஒரே வகை, சக்கரோமைசிசு செரிவிசியே. வேகமாகக் காபனீரொட்சைட்டை வெளிவிடும் என்பதற்காகவே வளர்க்கிறார்கள், ஆகவே இரண்டு மணித்தியாலத்தில் மா பொங்கிவிடுகிறது. பாணுக்கு அது போதும். அப்பத்துக்குப் போதாது என்பது என் முடிவு. அரிசி மாவில் கோதுமையைப்போல வாயுவைப் பிடித்து வைக்கும் பசைப் புரதம் இல்லை. குமிழி மேலே வந்து வெடித்துத் துளையை விட்டுப் போகும். அப்பத்தில் உயரத்தால் பெரிதாக ஆகப்போவது ஒன்றும் இல்லை. எட்டு மணித்தியாலம் மெதுவாகப் புளித்த சுவைதான் வேண்டும்.

கள்ளில் அந்தச் சுவை எப்படி வருகிறது? பாளையைச் சீவியதும் வடிகிற சாறு இனிப்பு. அதில் பெரும்பகுதி சுக்குரோசு, நாம் தேநீருக்குப் போடும் அதே சீனி. மரத்தில் கட்டிய முட்டியில் விழும்போதே நொதித்தல் தொடங்கிவிடும், ஏனென்றால் நேற்றைய கள்ளின் மதுவம் முட்டிச் சுவரில் காத்திருக்கிறது. அதைத் தடுக்கத்தான் எங்கள் ஊரில் முட்டிக்குள் சுண்ணாம்பு பூசிக் கருப்பநீர் எடுப்பார்கள். சக்கரோமைசிசு சுக்குரோசைப் பெரும்பாலும் தன் கலத்துக்கு வெளியே வைத்தே உடைக்கிறது. நொதியத்தைக் கலச்சுவர்ப் பக்கம் அனுப்பி, குளுக்கோசும் பிரற்றோசுமாகப் பிரித்துவிட்டுப் பிறகு உள்ளே எடுக்கும். பிரிந்த சீனியில் பெரும் பங்கு அதன் கைக்கு எட்டாமல் அயலுக்குப் பரவிவிடுகிறது. முற்றத்தில் சமைத்தால் தெருவே சாப்பிடும். அப்படிச் சாப்பிட்டு வளர்ந்த அயலவர்களின் அமிலமும் எசுத்தர்கள் என்ற வாசனைப் பொருட்களும் சேர்ந்ததுதான் நான் முகர்ந்த வாழைப்பழ வாசம். அற்ககோல் கொஞ்சம் உண்டாகும், சூட்டில் பெரும்பகுதி ஆவியாகிவிடும்.

மதுவத்தில் விஞ்ஞானம் விவரித்திருப்பவை ஏறத்தாழ 1500 இனங்கள். பூந்தேனில் ஒன்று, மரச்சாற்றில் ஒன்று, நம் தலைத்தோலில்கூட ஒன்று. இவற்றுக்குக் காலும் இல்லை, சிறகும் இல்லை. பூச்சிகள்தான் காவிச் செல்கின்றன. குளவி இராணிகள் குளிர்காலம் முழுவதும் சக்கரோமைசிசைக் குடலில் வைத்திருந்து அடுத்த தலைமுறைக்குக் கொடுக்கின்றன என்று இத்தாலிய ஆய்வாளர்கள் 2012இல் காட்டினார்கள். மலேசியக் காட்டில் பெர்த்தம் என்ற பனைக்குடும்ப மரத்தின் பூமொட்டிலேயே தேன் நொதிக்கும். அதை இரவிரவாகக் குடித்து மகரந்தத்தைச் சுமந்து போகும் மரமூஞ்சூறு ஒன்றும் உண்டு. தென்னம்பாளையில் எறும்பும் தேனீயும் மொய்ப்பதைப் பார்த்தவர்களுக்கு, அந்தப் போத்தலுக்குள் எங்கிருந்து இத்தனை பேர் வந்தார்கள் என்று சொல்லத் தேவையில்லை.

இனிக் கடையின் குறைகள். காத்திருக்கும் நேரம் அதிகம், ஆறு அப்பத்துக்கு எனக்கு 25 நிமிடம் ஆனது. உட்கார இடமில்லை. கட்டச்சம்பலில் உப்புக் கூட. சித்திரை வெயிலில் ஒரு நாள் மா அளவு கடந்து புளித்து, அப்பம் சட்டியில் ஒட்டிக் கிழிந்தது, தின்னவும் முடியவில்லை. சொன்னபோது மறுபேச்சில்லாமல் காசைத் திருப்பித் தந்தார், அது பெரிய மனது. அப்படி வெக்கையான நாட்களில் பிற்பகல் 2 மணிக்குப் பிறகு மாவில் பாதியைக் குளிர்சாதனப் பெட்டியில் வைக்கச் சொன்னேன். வைக்கிறார், பலன் தெரிகிறது.

ஒரு விடயம் மட்டும் எனக்கு மனதுக்கு ஒவ்வவில்லை. மாவில் கள்ளு சேர்கிறது என்று கேட்டால்தான் சொல்கிறார்கள். இந்த ஒழுங்கையில் முஸ்லிம் குடும்பங்கள் இருக்கின்றன, விரதம் பிடிக்கிறவர்கள் இருக்கிறார்கள், கள்ளைத் தொடாத எத்தனையோ பேர் இருக்கிறார்கள். சாப்பிடுவதா வேண்டாமா என்று அவர்கள் தெரிந்துகொண்டு முடிவெடுக்க வேண்டும். ஒரு மட்டையில் தமிழிலும் சிங்களத்திலும் எழுதித் தொங்கவிட ஐந்து நிமிடம் போதும். இதை அவரிடம் இரண்டு தரம் சொல்லிவிட்டேன், இன்னும் தொங்கவில்லை. மட்டையை நானே எழுதிக் கொண்டுபோகப் போகிறேன்.

போகிறவர்கள் 6 மணிக்கு முன்னர் போங்கள், 7.30க்கு மா முடிந்துவிடும். முதல் தரம் போயா இல்லாத நாளில் போங்கள். வீட்டுக்குக் கட்டிக்கொண்டு வந்தால் லஞ்ச் ஷீற்றுக்குள் விளிம்பு வியர்த்து நமுத்துவிடும். அடுப்படியிலேயே நின்று வெள்ளை அப்பம் ஒன்றைச் சம்பல் இல்லாமல் சாப்பிட்டுவிட்டு, பிறகு மற்றதைக் கட்டச் சொல்லுங்கள்.