பெவனும் கெய்ட்ஸ்கெலும்: ஒரு பல்செட்டில் பிளந்த கட்சி

1951 ஏப்ரல் 10. பிரிட்டனின் நிதியமைச்சர் ஹியூ கெய்ட்ஸ்கெல் தன் முதல் பட்ஜெட்டை வாசிக்கிறார். கொரியப் போர் நடந்துகொண்டிருந்த நேரம். படைபலத்தைப் பெருக்க மூன்று ஆண்டுகளுக்கு 470 கோடி பவுண்டு என்பது திட்டம். அதே பட்ஜெட்டில் இன்னொரு சின்ன அறிவிப்பு: அரசின் தேசிய சுகாதார சேவையில் இதுவரை இலவசமாகக் கிடைத்த பல்செட்டுக்கும் மூக்குக் கண்ணாடிக்கும் இனி பாதி விலையை மக்களே கொடுக்க வேண்டும். முதல் ஆண்டில் அதனால் மிச்சமாவது 1.3 கோடி பவுண்டு.

இரண்டு வாரத்துக்குள், அந்தச் சேவையைத் தொடங்கிவைத்த அனைரின் பெவன் இதை எதிர்த்து அமைச்சர் பதவியை விட்டு விலகினார். ஹெரால்ட் வில்சனும் ஜான் ஃப்ரீமனும் கூடவே போனார்கள். பிரதமர் அட்லீ அப்போது குடல்புண்ணோடு ஆஸ்பத்திரியில் படுத்திருந்தார். சமாதானம் பேச வேண்டியவர் கட்டிலில் இருக்க, ஆளுங்கட்சியான தொழிற்கட்சி பல வருடங்களுக்கு இரண்டு முகாமானது.

இவ்வளவு சின்னத் தொகைக்கு இவ்வளவு பெரிய சண்டையா என்று கேட்பவர்கள் உண்டு. இருவரும் எங்கிருந்து வந்தார்கள் என்று பார்த்தால் புரியும்.

பெவன் வேல்ஸின் ட்ரெடிகரில் சுரங்கத் தொழிலாளியின் மகன். பதின்மூன்று வயதில் அவரும் சுரங்கத்துக்குப் போனார். திக்குவாய். அதை மீறித்தான் மேடைப் பேச்சாளர் ஆனார். 1925இல் அப்பா நிலக்கரித் தூசியால் நுரையீரல் கெட்டு இறந்தார். அது அப்போது தொழில் நோய்ப் பட்டியலில் இல்லை, ஆகவே ஒரு காசு நஷ்டஈடு கிடையாது. ஆனால் அதே ஊரில் தொழிலாளர்கள் கூலியில் கொஞ்சம் கொஞ்சமாகப் போட்டு நடத்திய மருத்துவ உதவிச் சங்கம் ஒன்று இருந்தது. 1948 ஜூலை 5இல் சுகாதார அமைச்சராக அவர் தொடங்கிவைத்த தேசிய சுகாதார சேவையின் விதை அங்கேதான் இருந்தது.

கெய்ட்ஸ்கெல் பர்மாவில் பணியாற்றிய ஐ.சி.எஸ். அதிகாரியின் மகன். வின்செஸ்டர் பள்ளி, ஆக்ஸ்ஃபோர்டு, அப்புறம் பொருளாதார ஆசிரியர். 1926 பொது வேலைநிறுத்தம் அவரைத் தொழிலாளர் பக்கம் இழுத்தது. நாட்டிங்ஹாம் பக்கம் சுரங்கத் தொழிலாளர்களுக்குப் பாடம் நடத்தினார். 1934இல் வியன்னாவில் இருந்தார். தொழிலாளர் குடியிருப்புகள் மீது அரசுப் படை பீரங்கியால் சுட்டது அப்போதுதான். ஆயுதமில்லாத ஜனநாயகம் நிற்காது என்ற நினைப்பு அவருக்குக் கடைசிவரை போகவில்லை. வசதியான வீட்டுப் பிள்ளை, ஏழையின் வலி தெரியாதவர் என்று அவரை ஒதுக்கிவிடுவது சரியில்லை.

சரி, 1951இல் யார் பக்கம் நியாயம்? கெய்ட்ஸ்கெலின் வாதம் கணக்குப்பிள்ளையின் வாதம் அல்ல. சுகாதாரச் செலவு ஆண்டுக்கு ஆண்டு மதிப்பீட்டைத் தாண்டிக்கொண்டிருந்தது. வரம்பு போடாவிட்டால் வேறு எதற்கும் காசு இருக்காது, முடிந்தவர்கள் கொஞ்சம் கொடுக்கட்டும் என்றார். பெவன் சொன்னது இரண்டு. ஒன்று, இலவசத்தில் ஒரு ஓட்டை போட்டால் அது பெரிதாகிக்கொண்டே போகும். இரண்டு, அந்த 470 கோடியைச் செலவு செய்ய நாட்டில் மூலப்பொருளும் இல்லை, இயந்திரமும் இல்லை.

இரண்டிலும் பெவன் சொன்னதுதான் நடந்தது. அந்த அக்டோபரில் ஆட்சிக்கு வந்த எதிர்க்கட்சித் தலைவர் சர்ச்சிலே படைபலத் திட்டத்தை மூன்று ஆண்டுக்கு மேல் இழுத்து மெதுவாக்கினார். 1952இல் மருந்துச் சீட்டுக்கு ஒரு ஷில்லிங் கட்டணம் வந்தது. அதற்கு வழிவிட்ட சட்டம் 1949இலேயே, பெவன் அமைச்சராக இருந்தபோதே நிறைவேறியது என்பதையும் சொல்லத்தான் வேண்டும். டாக்டர்களைச் சேர்த்துக்கொள்ள அவர்களின் தனிப்பட்ட மருத்துவத்தையும் அவர் அனுமதித்திருந்தார். வளையவே மாட்டாதவர் அல்ல அவர்.

எனக்கு இந்தச் சண்டையில் மறக்க முடியாதது கண்ணாடிதான். சேவை வருவதற்கு முன், பார்வை மங்கிய ஏழைகள் கடையில் அடுக்கி வைத்த மலிவுக் கண்ணாடிகளை ஒவ்வொன்றாக மாட்டிப் பார்த்து, ஓரளவு எழுத்து தெரிகிற ஒன்றை வாங்கிப் போவார்கள். சேவையின் முதல் ஆண்டில் ஐம்பது லட்சத்துக்கும் மேற்பட்ட கண்ணாடிகள் போயின. அதை வீண்செலவு என்றார்கள். அத்தனை ஆண்டுகள் அத்தனை பேர் சரியாகப் பார்க்காமலே வாழ்ந்திருக்கிறார்கள் என்பதுதான் அந்த எண்ணிக்கை சொல்வது. கெய்ட்ஸ்கெல் மீது எவ்வளவு மதிப்பு இருந்தாலும், இந்த இடத்தில் நான் பெவனோடுதான் நிற்பேன்.

கட்சி நடத்துவதில் கதை வேறு. பெவனுக்குக் கோபம் முந்திக்கொள்ளும். 1948இல் எதிர்க்கட்சியினரைப் புழு பூச்சி என்ற பொருளில் திட்டி கட்சிக்குக் கெட்ட பெயர் வாங்கித் தந்தார்; 1955இல் கட்சியை விட்டு விலக்கும் அளவுக்குப் போனது. அந்த டிசம்பர் தலைவர் தேர்தலில் கெய்ட்ஸ்கெலுக்கு 157 ஓட்டு, பெவனுக்கு 70, மூத்த தலைவர் ஹெர்பர்ட் மாரிசனுக்கு 40. 1956இல் எகிப்தின் சூயஸ் கால்வாய்க்காக பிரிட்டன் படையெடுத்த விவகாரத்தில் பெவனும் கெய்ட்ஸ்கெலும் ஒரே பக்கம் நின்றார்கள். 1957இல் பிரைட்டன் மாநாட்டில், ஒருதலையாக அணுகுண்டைக் கைவிடக் கூடாது என்று பெவனே பேசியபோது அவருடைய ஆட்களே வாயடைத்துப் போனார்கள். 1960இல் ஸ்கார்பரோவில் அதே கேள்வியில் தோற்ற கெய்ட்ஸ்கெல், போராடிக்கொண்டே இருப்பேன் என்று சொல்லி அடுத்த ஆண்டே முடிவை மாற்றிக்காட்டினார். அந்த விடாப்பிடி பெவனிடம் இல்லை. தேசியமயமாக்கல் பற்றிய கட்சி விதியை மாற்றப் பார்த்து மட்டும் கெய்ட்ஸ்கெல் தோற்றார்.

பெவன் 1960 ஜூலையில் இறந்தார், கெய்ட்ஸ்கெல் 1963 ஜனவரியில். இருவருமே பிரதமர் ஆகவில்லை. ஆனது பெவனோடு ராஜினாமா செய்த வில்சன். அவருடைய அரசு 1965இல் மருந்துச் சீட்டுக் கட்டணத்தை எடுத்தது, 1968இல் தானே திரும்பக் கொண்டுவந்தது. இங்கிலாந்தில் அது இன்றும் இருக்கிறது. பெவனின் வேல்ஸில் 2007 ஏப்ரலிலிருந்து இல்லை.