அம்மாவைப் பார்த்துக்கொள்ள: ஏஜென்சி ஆளா, இல்லமா, பக்கத்துத் தெருப் பெண்கள் இருவரா?

அம்மாவுக்கு 82 வயது. 2023 ஆவணியில் குளியலறையில் வழுக்கி விழுந்து இடுப்பு எலும்பு முறிந்தது. அறுவை சிகிச்சை நல்லபடியாக முடிந்தது. இப்போது வாக்கர் பிடித்துக் கூடத்திலிருந்து வாசல் திண்ணை வரை நடக்கிறார். ஆனால் துணையில்லாமல் கழிவறைக்குப் போக முடியாது. சுகர், பிபி, கூடவே லேசான மறதி. வீடு ஸ்ரீரங்கத்தில். எனக்குச் சென்னையில் வங்கி வேலை, தம்பி துபாயில்.

இதுவரை மூன்று வழிகளையும் பார்த்தாயிற்று. ஏஜென்சி மூலம் 24 மணி நேரமும் வீட்டோடு தங்கும் ஆள், 11 மாதம். திருச்சி புறநகரில் ஒரு கட்டண முதியோர் இல்லம், ஆறு வாரம். அதன் பிறகு 14 மாதமாக, பக்கத்துத் தெருப் பெண்கள் இருவர் முறை வைத்து வருகிறார்கள். என் ஓட்டு மூன்றாவதற்குத்தான். அதை முதலிலேயே சொல்லிவிட்டால் மற்ற இரண்டைப் பற்றி நான் எழுதுவதை அதற்கேற்பத் தள்ளுபடி செய்து படித்துக்கொள்வீர்கள்.

பணத்தைச் சீக்கிரம் சொல்லி முடிக்கிறேன். ஏஜென்சிக்கு மாதம் 27,000, ஆளுக்குச் சாப்பாடு தனி. இல்லத்தில் 36,000, அதோடு ஒன்றரை லட்சம் டெபாசிட். டயப்பர், பிசியோதெரபி எல்லாம் அதற்கு மேல். இரண்டு பெண்களுக்கும் தலைக்கு 14,000, ஆக 28,000. இவை எங்கள் வீட்டுக் கணக்கு மட்டும்தான். உங்கள் ஊரில் வேறாக இருக்கும். 70 வயது தாண்டியவர்களுக்கு 2024இல் வந்த மத்திய அரசின் 5 லட்ச ரூபாய் காப்பீட்டை நம்பி யாரும் கணக்குப் போட வேண்டாம். அது மருத்துவமனையில் படுத்தால்தான். வீட்டில் பார்த்துக்கொள்பவரின் சம்பளத்துக்கு ஒரு பைசா வராது.

நான் எடை போட்டது ஒரே விஷயத்தை வைத்துத்தான்: ஆள் வராத நாளில் என்ன நடக்கிறது?

ஏஜென்சியில் சேர்க்கும்போது “ஒருத்தர் போனால் 24 மணி நேரத்தில் மாற்று ஆள்” என்று சொன்னார்கள். சொன்னபடியே அனுப்பவும் செய்தார்கள். சிக்கல் அங்கேதான். 11 மாதத்தில் எட்டுப் பேர் வந்து போனார்கள். ஒருவர் நான்கே நாள். ஒவ்வொருவர் வரும்போதும் அம்மா முதலிலிருந்து தொடங்க வேண்டும். எழுந்திருக்கும்போது அவர் இடது பக்கம் சாய்வார், காபிக்குப் பின்தான் மாத்திரை, மூன்று மணிக்கு எழுப்பிக் கழிவறைக்கு அழைத்துப் போகாவிட்டால் நான்கு மணிக்குப் படுக்கை நனைந்துவிடும். இதெல்லாம் எந்தச் சீட்டிலும் இருக்காது. பழகியவரின் கையில்தான் இருக்கும். அவர் போனால் அதுவும் கூடவே போய்விடுகிறது. ஐந்தாவதாக வந்தவர், இரவில் கொடுக்க வேண்டிய பிபி மாத்திரையைக் காலையிலும் கொடுத்துவிட்டார். அட்டையில் இருந்தது ஆங்கிலம். அவருக்குத் தமிழே தட்டுத் தடுமாறித்தான். அம்மா தலைசுற்றி உட்கார்ந்துவிட்டார். நான் அன்றிரவு மலைக்கோட்டை எக்ஸ்பிரஸில் ஏறினேன். அந்த வருடம் அந்த ரயிலில் எத்தனை முறை ஏறினேன் என்று எண்ணவில்லை.

அந்தப் பெண்ணைத் திட்ட எனக்கு மனமில்லை. வெளி மாவட்டத்திலிருந்து வந்து, முன்பின் தெரியாத வீட்டில், நோயாளியின் கட்டிலுக்குப் பக்கத்தில் தரையில் படுத்து, 30 நாளும் 24 மணி நேரமும். யாரால் முடியும்? நாங்கள் கொடுத்த 27,000இல் தன் கைக்கு வருவது 16,000 என்று ஒருவர் சொன்னார். மற்றவர்களுக்கு எவ்வளவு போனது என்று எனக்குத் தெரியாது. ஆள் நிற்காததற்குச் சோம்பலோ நன்றியின்மையோ காரணமில்லை, வேலையின் அமைப்பே அப்படி என்று புரிய எனக்கு எட்டு ஆட்கள் தேவைப்பட்டார்கள்.

இன்னொன்று. “ஹோம் நர்ஸ்” என்று பேச்சில் சொல்லிவிடுகிறோம். ஆனால் வருபவர்கள் பெரும்பாலும் நர்ஸ் படித்தவர்கள் இல்லை. ஏ.என்.எம். என்றால் இரண்டு வருடப் படிப்பு, ஜி.என்.எம். என்றால் மூன்று. அவர்களுக்குக் கட்டணம் வேறு. எங்களுக்கு வந்தவர்களில் ஒருவர்கூட அந்த வகை இல்லை. கேட்காமல் விட்டது எங்கள் தவறு.

ஆள் வராத நாள் என்ற ஒரே அளவுகோலில் பார்த்தால் இல்லம்தான் ஜெயிக்கும். ஒருவர் லீவு போட்டால் அடுத்த ஷிஃப்ட்காரர் பார்த்துக்கொள்வார், நமக்குத் தெரியக்கூடத் தெரியாது. சுவரெல்லாம் கைப்பிடி, வழுக்காத தரை, இரவிலும் ஒரு நர்ஸ், வாரம் ஒருமுறை டாக்டர். நாங்கள் போன இடத்தில் குறை சொல்ல ஒன்றும் பெரிதாக இல்லை. சிக்கல் அம்மாவிடம். காலை நாலரை மணிக்கு டிகிரி காபி குடித்து அறுபது வருடம் பழகியவருக்கு அங்கே ஆறரைக்குக் காபி. இரண்டு மணி நேரம் விழித்தபடி கட்டிலில் உட்கார்ந்திருப்பார். மறதி கூடியது. “இது யார் வீட்டுக் கல்யாணம், எப்போ கிளம்பலாம்?” என்று தினமும் போனில் கேட்டார். ஆறு வாரத்தில் மூன்று கிலோ இறங்கியதும் அழைத்து வந்துவிட்டோம். இடம் பழக இரண்டு மூன்று மாதமாவது ஆகும் என்று அங்கே சொன்னார்கள். அதுவும் நியாயமாக இருக்கலாம். அவசரப்பட்டோமா என்று இன்றும் எனக்குச் சந்தேகம் உண்டு. ஆகவே இல்லத்தைப் பற்றி நான் சொல்வதை ஆறு வாரத்து அனுபவமாக மட்டும் எடுத்துக்கொள்ளுங்கள். சேர்ப்பதற்கு முன் ஒன்றைக் கண்டிப்பாகக் கேளுங்கள்: நடக்க முடியாமல் போனால் கட்டணம் எவ்வளவு ஏறும்? அந்த நிலை வந்தால் வைத்துக்கொள்வீர்களா, அனுப்பிவிடுவீர்களா? பளபளப்பான அச்சுத் தாளில் இதற்குப் பதில் இருக்காது.

சரி, பக்கத்துத் தெருப் பெண்கள்.

ஏஜென்சி எடுத்துக்கொண்ட பங்கு மிச்சமானால் இன்னொரு ஆளே வைக்கலாமே என்று தோன்றியதுதான் ஆரம்பம். ஒருவரை மாதம் முழுக்கக் கட்டிப்போடாமல், இருவரைப் பாதிப் பாதியாக. திங்கள் காலை எட்டு மணிக்கு ஒருவர் வருவார், வியாழன் காலை வரை தங்குவார். வியாழன் காலை அடுத்தவர் வருவார், திங்கள் வரை. அடுத்த மாதம் நாட்கள் மாறும், ஞாயிற்றுக்கிழமை ஒருவருக்கே போய்விடக் கூடாது என்பதற்காக. முதலாமவர் தனியார் மருத்துவமனை ஒன்றில் ஆறு வருடம் ஆயாவாக இருந்தவர். அடுத்தவர் சத்துணவுக் கூடத்தில் சமைத்து ஓய்வு பெற்றவர். ஒருவரைப் பிசியோதெரபிஸ்ட் சொன்னார், இன்னொருவரைப் பூக்காரம்மா. இருவருக்கும் குடும்பம் உண்டு. மாதம் முழுக்கத் தங்கச் சொல்லியிருந்தால் இருவருமே வந்திருக்க மாட்டார்கள். வாரத்தில் பாதி நாள் தன் வீட்டில் என்றதும் சம்மதித்தார்கள். அம்மாவுக்குப் பெயர் மறந்துபோகிறது. அதனால் முதல் மாதத்து நாட்களை வைத்துத் திங்கக்கிழமைக்காரி, வியாழக்கிழமைக்காரி என்றுதான் கூப்பிடுவார். நாள் மாறினாலும் பெயர் மாறுவதில்லை.

ஆள் மாறும் காலையில் ஒரு மணி நேரம் இருவரும் சேர்ந்திருப்பார்கள். அது நான் திட்டமிட்டதில்லை, தானாக அமைந்தது. எண்ணெய் தேய்த்துத் தலைக்கு ஊற்ற இரண்டு பேர் வேண்டும், அதற்காக. ஆனால் அந்த ஒரு மணி நேரத்தில்தான் விஷயம் கை மாறுகிறது. காலில் வீக்கம், இரண்டு நாளாக மலம் போகவில்லை, ராத்திரி இருமல் என்று எல்லாம். 80 பக்க நோட்டு ஒன்றும் உண்டு: சுகர், பிபி, மாத்திரை, கழிவறை. கட்டிலிலிருந்து தூக்கும் முறையைப் பிசியோதெரபிஸ்ட் ஒரு வாரம் வந்து கற்றுக்கொடுத்தார். படுக்கையிலிருந்து நேராக நிறுத்தக் கூடாது. கட்டில் ஓரத்தில் ஒரு நிமிடம் உட்காரவைத்து, பாதம் தரையில் படிந்ததா என்று பார்த்து, கையைப் பிடித்து இழுக்காமல் இடுப்பைத் தாங்கி எழுப்ப வேண்டும். எட்டு ஏஜென்சி ஆட்களுக்கும் இதைக் கற்றுக்கொடுத்திருக்கலாம்தான், எட்டு முறை.

14 மாதத்தில் இருவருமாகச் சேர்ந்து 19 நாள் லீவு. அதில் 17 நாள் மற்றவர் கூடுதலாகத் தங்கிவிட்டார், நாளுக்கு 500 அதிகம். இரண்டு நாள் மட்டும் அத்தை மகள் வந்து படுத்துக்கொண்டார். அம்மாவைத் தெரியாத ஒருவர் வீட்டுக்குள் வந்த நாள் ஒன்றுகூட இல்லை. மேலே எழுதிய எல்லாம் இந்த ஒரு வரிக்காகத்தான்.

இதில் இருக்கும் ஓட்டைகளையும் சொல்ல வேண்டும். முதலாளி நீங்கள்தான், புகார் சொல்ல மேலே யாரும் கிடையாது. ஆதார் நகல் வாங்கி வைத்தோம், நகையை லாக்கருக்கு மாற்றினோம். இது சந்தேகத்தால் இல்லை, பின்னால் எதாவது காணோம் என்றால் அவர்கள்மேல் பழி விழக் கூடாது என்பதால். தீபாவளிக்கு ஒரு மாதச் சம்பளம் போனஸ், நடுவில் கைமாற்று கேட்பார்கள், கொடுக்கத்தான் வேண்டும். இருவரையும் பிரதமர் விபத்துக் காப்பீட்டில் சேர்த்தேன். வருடத்துக்கு 20 ரூபாய், 2 லட்சம் காப்பீடு. வங்கிக்காரன் இதைக்கூடச் செய்யாவிட்டால் எப்படி! பிபி, சுகர் மாத்திரைகள் மக்களைத் தேடி மருத்துவத்தில் வீட்டுக்கே வந்துவிடுகின்றன. 2021இல் தொடங்கிய அந்தத் திட்டம் இப்படிப்பட்ட வீடுகளுக்குப் பெரிய உதவி.

பெரிய ஓட்டை வேறு. அத்தை மகள் இரண்டு தெரு தள்ளி இருக்கிறார். முன்னறிவிப்பில்லாமல் வாரம் இரண்டு மூன்று முறை எட்டிப் பார்ப்பார். அவர் இல்லையென்றால் இந்த ஏற்பாட்டுக்கு நான் துணிந்திருக்க மாட்டேன். ஊரில் அப்படி ஒரு ஆள் இல்லாதவர்கள் இல்லத்தையே யோசிப்பது நல்லது என்று நினைக்கிறேன். கேமரா வைத்தால் போதாதா என்று தம்பி கேட்டான். கேமராவுக்கு முதுகில் புண் இருப்பது தெரியாதே.

அம்மா முழுக்கப் படுக்கையாகிவிட்டால் இது தாங்குமா என்று என்னால் சொல்ல முடியாது. இரண்டு மணி நேரத்துக்கு ஒருமுறை புரட்டிப் படுக்கவைக்காவிட்டால் படுக்கைப் புண் வந்துவிடும், இரவிலும்தான். மூக்கு வழியாகக் குழாய் என்றால் படித்த நர்ஸ்தான் வேண்டும். அப்போது ஏஜென்சிக்கே திரும்பப் போவேன். இந்த முறை என்ன படிப்பு என்று முதல் கேள்வியிலேயே கேட்பேன். மறதி முற்றி இரவில் வெளியே கிளம்பும் நிலையையும் நாங்கள் இன்னும் பார்க்கவில்லை.

வரும் தையில் வியாழக்கிழமைக்காரரின் பெண்ணுக்குக் கல்யாணம். பத்து நாள் வர மாட்டார். திங்கக்கிழமைக்காரர் ஏழு நாள் தொடர்ந்து இருக்கிறேன் என்றார், அதற்கு மேல் முடியாது என்று தெளிவாகச் சொல்லிவிட்டார். மீதி மூன்று நாளுக்கு நான் லீவு எழுதிக் கொடுத்திருக்கிறேன்.