ஏர் ரைஃபிளின் கைப்பிடியை மாற்றிய பிறகு: சில ஆண்டுகளின் அனுபவம்

10 மீட்டர் ஏர் ரைஃபிள் பிரிவில் தோள், கன்னம், முன்கட்டையைத் தாங்கும் இடக்கை, கைப்பிடியைப் பற்றும் வலக்கை என மிகச் சில இடங்களில்தான் துப்பாக்கி நம் உடலோடு ஒட்டி நிற்கிறது. மற்ற இடங்களெல்லாம் அசையாமல் இருந்தாலே போதும். வலக்கை மட்டும் துப்பாக்கியை நிலையாகப் பிடித்திருக்க வேண்டும். அதே வேளையில் அதன் சுட்டுவிரல் தனியாக இயங்கி விசையை அழுத்தவும் வேண்டும். இலக்கின் நடுவில் பத்து மதிப்பெண் தரும் புள்ளி அரை மில்லிமீட்டர் விட்டமே உடையது. நாம் சுடும் குண்டோ 4.5 மில்லிமீட்டர். விரல் அசையும்போது கையும் சேர்ந்து மயிரிழை அசைந்தால், அது 10.5 மதிப்பெண்ணுக்கும் 9.8 மதிப்பெண்ணுக்கும் உள்ள வேறுபாடாகத் திரையில் தெரிந்துவிடும். கைப்பிடியைப் பற்றி இவ்வளவு விரிவாக எழுத இதுவே காரணம். தோள் தாங்கியையும் குறிநோக்கியையும் பற்றிப் பேசுவோர் நிறையப் பேர் இருக்கிறார்கள். கைப்பிடியைத் தொழிற்சாலையிலிருந்து வந்தபடியே விட்டுவிடுகிறவர்கள்தான் அதிகம்.

வெளிநாடுகளில் இந்த வேலையை வீட்டு மேசையிலேயே செய்வதாகப் பலர் எழுதியிருப்பதைப் படித்திருக்கிறேன். சிங்கப்பூரில் அதற்கு இடமில்லை. இங்கு ஏர் ரைஃபிளும் சட்டப்படி ஆயுதமே. அதற்குக் காவல்துறையின் உரிமம் வேண்டும். விளையாட்டுக்காக வாங்கியதானாலும் துப்பாக்கி சுடும் மன்றத்தின் ஆயுதக் காப்பறையில்தான் இருக்க வேண்டும். ஆகவே நான் இங்கே சொல்லும் வேலைகள் அனைத்தும் மன்றத்தின் வேலை மேசையில், காப்பறைப் பொறுப்பாளரிடம் முன்கூட்டியே சொல்லிவிட்டு, அவர் பார்வையில் செய்யப்பட்டவை. கழற்றிய பழைய கைப்பிடியும், வேலை முடியாத புதிய கைப்பிடியும்கூடத் துப்பாக்கியுடனேயே அங்கேதான் இருந்தன. இந்தக் கட்டுப்பாடு எனக்கு ஒருபோதும் இடையூறாகத் தோன்றியதில்லை. வீட்டில் இரவோடிரவாகத் தேய்த்து முடித்துவிடும் அவசரம் இல்லாததால், ஒவ்வொரு மாற்றத்துக்கும் அடுத்த மாற்றத்துக்கும் நடுவே சுட்டுப் பார்க்க நேரம் கிடைத்தது. கைப்பிடிக்கு மிகவும் தேவையானது அந்த இடைவெளிதான்.

என் கை சிறியது. துப்பாக்கியுடன் வந்த கைப்பிடி நடுத்தர அளவு. அடுக்குமரத்தால் ஆன, பார்ப்பதற்கு மிக அழகான பொருள் அது. ஆனால் சுட்டுவிரலின் நுனி விசையை எட்ட வேண்டுமானால் உள்ளங்கையைச் சற்று முன்னே தள்ள வேண்டியிருந்தது. உள்ளங்கை முன்னே போனதும் மணிக்கட்டு உள்பக்கமாக மடங்கியது. முதல் இருபது குண்டுகள் வரை இது தெரியாது. பெண்களுக்கான போட்டி 40 குண்டுகளாக இருந்த காலத்தில் இதைச் சமாளித்திருக்கலாம். 2018 முதல் பெண்களும் ஆண்களைப் போலவே 75 நிமிடத்தில் 60 குண்டுகள் சுட வேண்டும். அந்தக் கடைசி இருபதில்தான் மடங்கிய மணிக்கட்டு தன் வேலையைக் காட்டும். முன்கையின் தசைகள் இறுகி, அந்த இறுக்கம் விரலுக்கு வந்து, விசையை அழுத்தும்போது துப்பாக்கி வலப்பக்கமாக ஒரு நூல் அளவு இழுபடும். அதே 2018இல் கோல்ட் கோஸ்ட் காமன்வெல்த் விளையாட்டுகளில் நம் சிங்கப்பூர் வீராங்கனை மார்ட்டினா லின்சே வெலோசோ 10 மீட்டர் ஏர் ரைஃபிளில் தங்கம் வென்றார். அவர் சுடும் காணொளிகளை இலக்குக்காகப் பார்க்காமல் வலது முன்கைக்காகப் பாருங்கள் என்று புதியவர்களிடம் நான் சொல்வதுண்டு.

என் மணிக்கட்டின் கோணத்தை முதலில் கவனித்தவர் மன்றத்தில் என்னோடு பயிலும் ஓர் இளைஞர். இளைஞர்களுக்கான கட்டாய ராணுவச் சேவையான தேசிய சேவையை அப்போதுதான் முடித்திருந்தார். பின்னால் நின்று பார்த்துக்கொண்டிருந்தவர், “அக்கா, உங்க மணிக்கட்டு உள்ள மடங்குது. கைப்பிடிதான் பெருசா இருக்கு போல,” என்றார். “எங்க தம்பி, பக்கவாட்டுல ஒரு படம் எடு, பார்ப்போம்,” என்றேன். அந்தப் படத்தில் முன்கையும் புறங்கையும் நேர்கோட்டில் இல்லை என்பது தெளிவாகத் தெரிந்தது. தேசிய சேவையில் பயன்படுத்தும் எஸ்ஏஆர் 21 ராணுவத் துப்பாக்கியில் கைப்பிடி துப்பாக்கியின் உடலோடு ஒன்றாக வார்க்கப்பட்டது. அதை யாருடைய கைக்கும் ஏற்ப மாற்ற முடியாது. மாற்றத் தேவையும் இல்லை. அதன் பணி வேறு. இலக்குத் துப்பாக்கியில் நிலைமை நேர்மாறானது: தோள் முதல் கன்னம் வரை எல்லாம் உடலுக்கு ஏற்ப நகரும்போது, கைப்பிடி மட்டும் பொது அளவில் இருப்பதில் பொருளில்லை.

கடைசியில் நான் வாங்கியது சிறிய அளவில் செய்த, எண்ணெய் மட்டும் பூசிய வால்நட் மரக் கைப்பிடி. விலை சில நூறு வெள்ளி. மெருகுப் பூச்சிட்ட கைப்பிடிகள் கடையில் கண்ணைப் பறிக்கும். ஆனால் நம் ஊரில் பேருந்து நிறுத்தத்திலிருந்து மன்றத்துக்கு நடந்து வருவதற்குள் உள்ளங்கை நனைந்துவிடும், ஈரக் கையில் மெருகுப் பூச்சு வழுக்கும். அதைச் சரிசெய்ய ரப்பர் நாடாவோ, டென்னிஸ் மட்டைக்குச் சுற்றும் பட்டையோ சுற்றலாமே என்று சிலர் கேட்கிறார்கள். பயிற்சிக்கு எதையும் சுற்றிக்கொள்ளலாம். ஆனால் கைப்பிடியிலும் முன்கட்டையிலும் பிடிமானத்தைக் கூட்டும் பொருள் எதையும் சேர்க்கக் கூடாது என்பது அனைத்துலகத் துப்பாக்கி சுடும் விளையாட்டுக் கூட்டமைப்பின் விதி. போட்டிக்கு முந்தைய கருவிப் பரிசோதனையில் அதைக் கழற்றச் சொல்வார்கள். கழற்றியபின் கையில் இருப்பது நமக்குப் பழக்கமில்லாத ஒரு கைப்பிடியாக இருக்கும். ஆகவே பிடிமானம் மரத்திலிருந்தே வர வேண்டும். வடிவத்திலிருந்து வர வேண்டும்.

கழற்றி மாட்டுவது எளிய வேலைதான். காற்று உருளையை அகற்றி, குழலைத் திறந்து, குழல் காலி என்பதைக் காட்டும் ஆரஞ்சு நிறப் பாதுகாப்புக் கொடியை நுழைத்து, உள்ளே குண்டு இல்லை என்பதை இருவர் பார்த்த பிறகே கருவியைக் கையில் எடுக்க வேண்டும். என் துப்பாக்கியில் கைப்பிடியின் அடிப்புறத் துளை வழியாக நீளமான ஆலன் கீயை நுழைத்தால் ஒரே ஒரு போல்ட்டு. அதைத் தளர்த்தியதும் கைப்பிடி கையோடு வந்துவிடும். புதியதை மாட்டும்போது போல்ட்டை முழுமையாக இறுக்காமல், நகர்த்தினால் நகரும் அளவில் விட்டு, கண்ணை மூடிக்கொண்டு சுடும் நிலையில் நிற்க வேண்டும். கை இயல்பாக எந்தக் கோணத்தில் வந்து அமர்கிறதோ, அந்தக் கோணத்துக்குக் கைப்பிடியைத் திருப்ப வேண்டும். இதற்கு இன்னொருவர் உதவி இருந்தால் நல்லது. முன்பின் தூரத்துக்கு நான் வைத்துக்கொண்ட அளவுகோல் இது: சுட்டுவிரலின் முதல் கணுவுக்கு முன்னுள்ள சதைப்பகுதி விசையில் படிய வேண்டும், விரலின் மற்றப் பகுதி மரத்தில் எங்குமே உரசக் கூடாது. ஒரு தாளை நான்காக மடித்து விரலுக்கும் மரத்துக்கும் நடுவே நுழைத்துப் பார்த்தால் உரசுகிறதா என்பது தெரிந்துவிடும்.

வடிவமைக்கும் வேலைதான் நேரமெடுத்தது. சிறிய அளவாக இருந்தும், கட்டைவிரலுக்கும் சுட்டுவிரலுக்கும் இடையிலுள்ள வளைவில் மரம் கூடுதலாகவும், உள்ளங்கையின் குழியில் குறைவாகவும் இருந்தது. கூடுதலான இடத்தை 80 எண் உப்புத்தாளில் தொடங்கி, 240, 400 என்று மென்மைக்குப் போனேன். தேய்க்கும்போது கைப்பிடி துப்பாக்கியில் மாட்டியிருக்கவே கூடாது. மரத்தூள் விசைப் பொறிக்குள் போனால் அதைச் சுத்தம் செய்வது நம் கையில் இல்லை. குறைவான இடத்தை நிரப்ப இரண்டு பகுதிகளாக வரும் எபாக்சிப் புட்டியைப் பயன்படுத்தினேன். இரண்டையும் சம அளவில் எடுத்து, நிறம் ஒன்றாகும் வரை பிசைந்து, குழியில் ஒட்டி, மேலே சமையலறையில் பாத்திரம் மூடும் மெல்லிய பிளாஸ்டிக் தாளைப் போர்த்தி, சுடும்போது எவ்வளவு அழுத்துவேனோ அவ்வளவே அழுத்திப் பிடித்துவிட்டுக் கையை எடுத்தேன். தாளை உரித்தபோது உள்ளங்கையின் மேடு பள்ளம் அப்படியே பதிந்திருந்தது. சுண்டுவிரல் பக்கத்தில் மட்டும் தாளின் மடிப்பு ஒரு கோடாக விழுந்திருந்தது. அதைக் காய்ந்த பிறகு தேய்த்து எடுத்தேன். இறுக்கிப் பிடித்து அச்சு எடுப்பவர்களுக்கு இறுக்கிப் பிடித்தால் மட்டுமே பொருந்தும் கைப்பிடி கிடைக்கும். இந்த முழு வேலையிலும் நான் மிக முக்கியமாகக் கருதுவது இதைத்தான்.

பலன் உடனே வரவில்லை. கைப்பிடி மாறினால் தோளிலிருந்து விசை வரையுள்ள நீளம் மாறும். நீளம் மாறினால் தலை நிற்கும் இடம் மாறும். கன்னத் தாங்கியையும் தோள் தாங்கியையும் மீண்டும் சரிபார்க்க வேண்டும். எடையும் சிறிது மாறும். ஏர் ரைஃபிளுக்கு 5.5 கிலோ உச்சவரம்பு என்பதால், கூடுதல் எடைக் கட்டிகளை மாட்டி வரம்பை ஒட்டிச் சுடுபவர்கள் தராசில் வைத்துப் பார்த்துவிடுவது நல்லது. தொடக்க வாரங்களில் என் புள்ளிகள் குறையவே செய்தன. குண்டில்லாமல் விசையை மட்டும் அழுத்திப் பழகும் பயிற்சியை அதிகமாக்கினேன். குறிக்கோட்டின் தடத்தைத் திரையில் வரைந்து காட்டும் ஸ்காட் கருவியை மன்றத்தில் அவ்வப்போது இணைத்துப் பார்த்தேன். பழைய கைப்பிடியில் விசை விடுபடும் கணத்தில் தடம் வலப்பக்கம் வாலைப் போல நீண்டிருக்கும். புதியதில் அந்த வால் மெல்ல மெல்லச் சுருங்கி, சில மாதங்களில் பத்து மதிப்பெண் வளையத்துக்குள்ளேயே அடங்கியது. நடுப்புள்ளியைச் சுற்றி என் துப்பாக்கி ஆடும் அளவு முன்பைவிடக் குறைந்துவிடவில்லை என்பதையும் சொல்ல வேண்டும். அதைக் கைப்பிடி குறைக்காது. காலும் இடுப்பும் முதுகும்தான் குறைக்கும். கைப்பிடி தந்தது விசை அழுத்தும்போது ஏற்பட்ட இழுப்பிலிருந்து விடுதலை மட்டுமே. எனக்கு அது போதும். ஐம்பதாவது குண்டிலும் முன்கை தளர்வாக இருப்பது இப்போது வழக்கமாகிவிட்டது.

நாள் ஆக ஆகத் தெரிந்தவற்றில் முதலாவது ஈரப்பதம் பற்றியது. சிங்கப்பூரில் காற்றின் ஈரப்பதம் ஆண்டு முழுவதும் சராசரியாக 80 விழுக்காட்டைத் தாண்டியே இருக்கிறது. சுடும் கூடமோ குளிரூட்டப்பட்டது. இந்த இரண்டுக்கும் நடுவே மரம் உப்புவதும் சுருங்குவதுமாக இருக்கும். எபாக்சி அப்படி அசையாது. அதனால் புட்டியும் மரமும் சேரும் விளிம்பில், ஓராண்டுக்குப் பிறகு, நகம் பட்டால் உணரக்கூடிய ஒரு மெல்லிய பிளவு தென்பட்டது. அதை மெல்லிய புட்டியால் அடைத்துத் தேய்த்து, மரம் வெளிப்பட்டிருந்த இடமெல்லாம் ஆளிவிதை எண்ணெயைத் துணியில் தொட்டு மிக மெல்லியதாகப் பூசினேன். தேய்த்த மரத்துக்கு எண்ணெய் தராமல் விடக் கூடாது; அடிப்புறத்தில் மரத்தின் நரம்பு வெட்டுப்பட்டிருக்கும் இடத்தில்தான் ஈரம் முதலில் ஏறுகிறது. எண்ணெய் தொட்ட துணியைச் சுருட்டிக் குப்பையில் போடாமல், விரித்துக் காயவைக்க வேண்டும். சுருட்டிய துணி தானாகவே சூடேறித் தீப்பற்றக்கூடியது.

அடுத்தது போல்ட்டு. மரம் சுருங்கும்போது இறுக்கம் தளர்கிறது. ஒரு பயிற்சியின் நடுவே குண்டுகள் காரணமில்லாமல் இடப்பக்கம் விலகத் தொடங்கின. குறிநோக்கியைச் சோதித்தும் ஒன்றும் தெரியவில்லை. கைப்பிடி மிகச் சிறிய அளவில் திரும்பியிருந்ததுதான் காரணம். அதன்பிறகு கைப்பிடியும் உலோகச் சட்டமும் சேரும் இடத்தில் வெள்ளை மையால் இரண்டையும் தொட்டுச் செல்லும் ஒரு மெல்லிய கோடு வரைந்துவிட்டேன். கோடு முறிந்திருந்தால் கைப்பிடி நகர்ந்திருக்கிறது என்று பொருள். துப்பாக்கியைக் காப்பறையிலிருந்து எடுத்ததும் நான் முதலில் பார்ப்பது அந்தக் கோட்டைத்தான். வியர்வையின் உப்பு அடிப்புற வளையத்தில் துருவேற்றியதால், அதைத் துருப்பிடிக்காத எஃகு வளையமாக மாற்ற வேண்டியும் வந்தது.

மரத்தின் நிறம் கறுத்துவிட்டது. கட்டைவிரல் படியும் இடம் மட்டும் பளபளப்பாகி, அங்கே லேசாக வழுக்கத் தொடங்கியிருந்தது. 400 எண் உப்புத்தாளால் ஒரு முறை மென்மையாக உரசியதும் பழைய பிடிமானம் திரும்பிவிட்டது. புட்டி நிரப்பிய இடம் சாம்பல் நிறத் திட்டாகத் தெரிகிறது. வண்ணம் பூசி மறைக்கலாம் என்றார்கள். வண்ணப் பூச்சும் வழுக்கும் என்பதால் அப்படியே விட்டுவிட்டேன்.

வாங்க நினைப்பவர்களிடம் ஒன்று சொல்வேன். அளவு அட்டவணையை மட்டும் நம்பிக் கைப்பிடியைத் தேர்ந்தெடுக்க வேண்டாம். மன்றத்தில் வெவ்வேறு அளவு கைப்பிடி வைத்திருப்பவர்கள் நிச்சயம் இருப்பார்கள். காப்பறைப் பொறுப்பாளரின் அனுமதியுடன் அவர்கள் துப்பாக்கியைப் பிடித்துப் பார்த்துவிடுங்கள். இரண்டு அளவுகளுக்கு நடுவே தடுமாறினால், என் கருத்தில் சிறியதையே எடுக்க வேண்டும். குறைவான இடத்தைப் புட்டியால் நிரப்புவது அரை மணி நேர வேலை, கூடுதலான மரத்தைக் குடைந்து எடுப்பதோ பல வார வேலை, அதிலும் உள்ளே போல்ட்டுத் துளை இருக்கும் பக்கம் அதிகம் குடைய இடமே இருக்காது. இடக்கைப் பழக்கமுள்ளவர்கள் தங்களுக்கான கைப்பிடி தங்கள் துப்பாக்கியின் சட்டத்தில் பொருந்துமா என்பதை விற்பவரிடம் எழுத்தில் கேட்டு உறுதி செய்துகொள்ள வேண்டும். பழைய கைப்பிடியைத் தூக்கிப் போட வேண்டாம். போட்டிக் காலத்தில் புதியதில் பிளவு விட்டால் மாட்ட அது தேவைப்படும், அதன் போல்ட்டையும் சேர்த்து ஒரு பையில் கட்டிக் காப்பறையிலேயே வைத்திருங்கள்.