விடையோடு விற்கும் கடைக்கணக்குத் தொகுப்பு: ‘சரிபார்த்தல்’ வரியை நம்பாதீர்கள்

பொருள் வாங்கும் கணக்குகளை எளிய சமன்பாட்டில் போடக் கற்றுத்தருவதாகச் சொல்லி, முழு விடையோடு ஒரு பிடிஎஃப் தொகுப்பை விற்கிறார்கள். பணம் கட்டி வாங்கி, ஒவ்வொரு கணக்காகப் போட்டுப் பார்த்ததில் தெரிந்தது இது. மாதிரிப் பக்கங்களில் குறையே இல்லை; அங்கே இருப்பதெல்லாம் ஒரே படியில் முடிகிற கணக்குகள். வில்லங்கம் அதற்கு அப்புறம்தான்.

ஒரு கணக்கு: நோட்டின் விலை பேனாவைவிட 15 அதிகம். 3 பேனாவும் 2 நோட்டும் சேர்த்து 130. பேனா விலை என்ன? பேனா விலையை ப என்று வைத்தால் நோட்டு ப + 15. ஆகவே 3ப + 2(ப + 15) = 130. அடைப்பைப் பிரித்தால் 5ப + 30 = 130, ப = 20. தொகுப்பில் அடைப்புக்குறியே கிடையாது. 3ப + 2ப + 15 = 130 என்று எழுதி, ப = 23 என்று முடித்திருக்கிறார்கள். இரண்டு நோட்டு வாங்கினால் அந்த 15 இரண்டு தடவை வரும் என்பது விட்டுப்போயிற்று.

தவறைவிட மோசம், அதன் கீழே இருக்கும் ‘சரிபார்த்தல்’. 69 + 46 + 15 = 130, சரி என்று ஒரு டிக். தப்பான சமன்பாட்டிலிருந்து வந்த விடையை அதே சமன்பாட்டில் திரும்பப் போட்டால் பொருந்தாமல் என்ன செய்யும்? விடையைப் போட்டுப் பார்க்க வேண்டிய இடம் கேள்வியின் வாக்கியம். பேனா 23 என்றால் நோட்டு 38. 3 பேனா 69, 2 நோட்டு 76, மொத்தம் 145. சரியாக 15 கூடுதலாக நிற்கிறது, விட்டுப்போன அதே 15. பிள்ளைகள் இந்த டிக்கைப் பார்த்துத் தங்கள் சரியான விடையை அடித்துவிட்டுத் தப்பானதை எழுதிவைப்பார்கள்.

தள்ளுபடியிலும் இதே கதை. 20% தள்ளுபடி போக 480 என்றால் குறித்த விலை என்ன? 480-இல் 20% கூட்டி 576 என்கிறது விடைக்குறிப்பு. தள்ளுபடி கணக்கிடப்படுவது குறித்த விலையின் மேல், எனவே 0.8வி = 480, வி = 600. 576-இல் 20% கழித்தால் 460.80தான் வரும். 20%, பிறகு 10% என்று அடுத்தடுத்துத் தள்ளுபடி வந்தால் 30% என்று கூட்டிவிடுகிறார்கள், 0.8 × 0.9 = 0.72, ஆக 28% தான்.

சில கேள்விகளே தப்பு. பேனா 10, பென்சில் 6. இரண்டும் சேர்த்து 12 வாங்கி 90 கொடுத்தால் பேனா எத்தனை? இங்கே பேனாக்களின் எண்ணிக்கையை ப என்று வைத்தால் 10ப + 6(12 − ப) = 90, அதாவது 4ப = 18, ப = 4.5. அரைப் பேனாவை யார் விற்பார்கள்? தொகுப்பில் ‘தோராயமாக 5’ என்று போட்டிருக்கிறது! பழைய கணக்கில் எண்ணை மட்டும் மாற்றிவிட்டுப் போட்டுப் பார்க்காமல் விட்டால் இப்படித்தான் ஆகும்.

இதையெல்லாம் எழுதிக் கேட்டதற்கு, டிஜிட்டல் பொருளுக்குப் பணம் திரும்பக் கிடையாது என்று ஒரே வரியில் பதில். வாங்குமுன் அடைப்புக்குறி வரும் கணக்கு ஒன்று, தள்ளுபடிக்கு முந்தைய விலை கேட்கும் கணக்கு ஒன்று, இரண்டையும் விடையோடு அனுப்பச் சொல்லுங்கள். தர மறுத்தால் விட்டுவிடுங்கள்.

ஏற்கெனவே வாங்கியவர்கள் விடைப் பக்கங்களை நீக்கிவிட்டுக் கேள்விகளை மட்டும் பயன்படுத்தலாம். பேனா-பென்சில் கணக்கில் மொத்தம் 4ப + 72. அதனால் 72-இலிருந்து 120 வரை நான்கு நான்காகக் கூடும் எண்களே செல்லும். 90-ஐ 88 ஆக்கினால் 4 பேனா, 8 பென்சில். 92 ஆக்கினால் 5 பேனா, 7 பென்சில்.