இரண்டு வீடுகள், இரண்டு அப்பாக்கள்

இரண்டு அமெரிக்க டிவி நகைச்சுவைத் தொடர்கள். 'குட் டைம்ஸ்' (1974–79): சிகாகோவின் அரசுக் குடியிருப்பில் வாடகைக்கே திண்டாடும் கறுப்பினக் குடும்பம். 'தி காஸ்பி ஷோ' (1984–92): புரூக்ளினில் சொந்த வீடு, அப்பா டாக்டர், அம்மா வக்கீல். கறுப்பினக் குடும்பம் என்றாலே வறுமை என்ற எண்ணத்தை உடைத்தது பின்னதுதான். ஆனால் இன்று பார்க்க உட்கார்ந்தால், அதில் அப்பாவாக நடித்த பில் காஸ்பி மீதான பாலியல் குற்றச்சாட்டுகள் குறுக்கே நிற்கின்றன.

என் மனசுக்கு நெருக்கம் 'குட் டைம்ஸ்'. அந்த வீட்டில் அப்பா இருந்தே ஆகவேண்டும் என்று, அம்மாவாக நடித்த எஸ்தர் ரோல் பிடிவாதமாக நின்றார். அப்படி வந்த அப்பா ஜான் ஏமோஸ். மூன்று சீசனுக்குப் பிறகு அவரை நீக்கி, கதையில் விபத்தில் சாகடித்தார்கள். இறுதிச்சடங்குக்கு வந்தவர்கள் போனபின், அதுவரை கல்லாக இருந்த அம்மா ஒரு கண்ணாடிக் கிண்ணத்தைத் தரையில் அடித்துக் கதறுவார். எத்தனை முறை பார்த்தாலும் வயிறு கலங்குகிறது.